அச்சு முகமும் சொந்த முகமும்

விருத்தாசலம் சென்று ஸ்வாமி தரிசனம் செய்து வந்தோர் அறிந்த விஷயம், அவ்வாலயத்தில் அம்பிகைக்கு இரண்டு சந்நிதிகள் உண்டு என்பது. ஒன்று விருத்தாம்பிகை என்னும் பெரியநாயகியின் சந்நிதி. மற்றொன்று பாலாம்பிகை என்னும் இளைய நாயகியின் சந்நிதி. இவ்விரண்டுக்கும் காரணமாகக் கர்ணபரம்பரையாய் ஒரு கதை வழங்கி வருகிறது. குகை நமசிவாயரின் சீடரான குரு நமசிவாயர், சிதம்பரம் செல்லும் வழியில் இவ்வூரில் தங்கினார். பசி மேலிட்டது. அம்பிகையை முதியவளாக வருணித்து அன்னம் வேண்டிப் பாடினார். அம்பிகை மூதாட்டியாகவே எதிரே வந்து நின்று, தள்ளாத கிழவியாகத் தன்னைப் பாடினால் கிழவியால் சோறு கொண்டு வருவது எங்ஙனம் என்று கேட்டாளாம். புலவர் பாட்டை மாற்றி அவளுடைய இளமையைப் பாடினார். அவளும் இளம் பெண்ணாக வந்து அவர் பசியைத் தீர்த்தாள்.

பக்தர்கள் இக்கதையில் அம்பிகையின் கருணையைக் காண்பார்கள். அதில் குறையொன்றும் இல்லை. ஆனால் கதைக்குள் இன்னொரு பொருளும் பொதிந்து கிடக்கிறது. பிறர் தன்னை வருணித்த வருணனை தனக்குப் பொருந்தவில்லை என்று ஒரு பெண் எடுத்துச் சொல்கிறாள்; திருத்தும்படி கேட்கிறாள்; புலவரும் திருத்துகிறார். அவள் தெய்வமாயிருந்தபடியால் அவள் சொல் எடுபட்டது. நமது வீடுகளில் பதினெட்டும் இருபதும் வயதான பெண்கள் இவ்வாறு சொன்னால் எடுபடுகிறதா? நாம் அவர்களைப் பற்றித் தீட்டி வைத்திருக்கும் படம் தங்களுக்குப் பொருந்தவில்லை என்று அவர்கள் சொல்வதற்கு இடம் இருக்கிறதா? இதுவே இன்று ஆராயத் தக்க கேள்வி. இதற்கு விடை தேட, தேசபக்தர்கள் அதிகம் நாடாத ஓர் இடத்துக்கு, அதாவது சித்திரக்காரர்களின் உலகத்துக்கு, வாசகர்களை அழைத்துச் செல்ல விரும்புகிறோம்.

பொம்மையும் பெண்ணும்

விருத்தாசலம் கோயிலுக்குப் பெயர்பெற்றது போலவே பீங்கானுக்கும் பெயர்பெற்ற ஊர். அரசாங்கத்தின் பீங்கான் தொழில்நுட்பக் கல்லூரியும் பீங்கான் தொழிற்பேட்டையும் அங்கே இருக்கின்றன. நவராத்திரிக் கொலுவுக்கு வேண்டிய பொம்மைகள் அங்கே செய்யப்படுகின்றன. பொம்மை செய்யும் முறை எளிது. முதலில் ஒரே ஒரு மாதிரி உருவம் செய்து, அதைக் கொண்டு பாரிஸ் சாந்தில் அச்சு எடுக்கிறார்கள். அச்சுக்குள் களிக்குழம்பை ஊற்றினால், சாந்து நீரை உறிஞ்சிக்கொள்ள, களி அச்சின் உட்புறத்தில் தோலைப் போல் படிகிறது. எஞ்சிய குழம்பை வடித்துவிட்டு அச்சைப் பிரித்தால் பொம்மை தயார். உலர்த்திச் சூளையில் சுட்டு வர்ணம் பூச வேண்டியதுதான். ஓர் அச்சிலிருந்து வரும் பொம்மைகளுக்கெல்லாம் ஒரே மூக்கு, ஒரே புன்னகை. பொம்மை வியாபாரத்துக்கு அது லக்ஷணம். ஒன்றைப் போல் ஒன்று இல்லாவிடில் வாங்குவோர் குறை சொல்வர்.

பொம்மைக்கு லக்ஷணமாயிருப்பதை நாம் பெண்ணுக்கும் லக்ஷணமாக்கிவிட்டோம் என்பதே நமது குற்றச்சாட்டு. பெண்ணுக்குக் கல்யாணம் பேசத் தொடங்கும்போது ஸ்டூடியோவுக்கு அழைத்துச் சென்று போட்டோ எடுக்கும் வழக்கம் நம்மிடையே நெடுங்காலமாக இருந்து வருகிறது. பட்டுச்சேலை, தோளின்மேல் முன்னே விட்ட பின்னல், சற்றே சாய்த்த தலை, அளவான புன்னகை. கறுத்த முகமானால் படத்தில் வெளுப்பாக்கித் தருவதும் உண்டு. முன்னே அதற்குத் தூரிகை வேண்டியிருந்தது. இப்போது கணிப்பொறி அதை நொடியில் செய்கிறது. இவ்வாறு தயாரான படம் ஜாதகத்தோடு சேர்ந்து ஊர் ஊராகப் பயணம் செய்கிறது. விற்பனைப் பத்திரத்தின் அடியில் சொத்து விவரம் எழுதுவார்களே, அதற்கும் இதற்கும் அதிக வித்தியாசம் இல்லை. படத்தில் இருப்பவளுக்கு என்ன பிடிக்கும், எதைக் கண்டு சிரிப்பாள், எதற்குக் கோபிப்பாள் என்பது அதில் இல்லை. இருந்தால் இடைஞ்சல்.

ஆயிரம் வீடுகளில் ஆயிரம் படங்கள் இருக்கின்றன; முகம் மட்டும் ஒன்றே. உருவப்படம் என்பது இதற்கு நேர் எதிரானது. இவள் இன்னாள், வேறு யாரும் அல்லள் என்று சாட்சி சொல்வதே உருவப்படத்தின் வேலை. அந்தச் சாட்சியை நமது தேசத்து இளம் பெண்களுக்காக முதன்முதலில் அஞ்சாமல் கூறியவள் ஒரு பெண். அவள் பெயர் அம்ரிதா ஷெர்கில்.

ரவிவர்மா தந்ததும் தராததும்

அவளைப் பற்றிச் சொல்லுமுன் ரவிவர்மாவை நினைக்காதிருக்க முடியாது. கிளிமானூரில் 1848ஆம் வருஷம் பிறந்த அந்த மகா சித்திரக்காரர், மேனாட்டு எண்ணெய் வர்ண முறையை வசப்படுத்தி நம் தேசத்துப் பெண்களைக் கித்தானில் ஏற்றினார். 1893இல் சிகாகோ நகரில் நடந்த உலகப் பொருட்காட்சிக்கு அவர் பத்துப் படங்கள் அனுப்பிப் பரிசும் பெற்றார். பாரத நாட்டின் பல பிரதேசங்களையும் பல வகுப்புக்களையும் சேர்ந்த ஸ்திரீகளின் படங்கள் அவை. அடுத்த ஆண்டில் பம்பாயில் அச்சுக்கூடம் நிறுவினார். அவருடைய லக்ஷ்மியும் ஸரஸ்வதியும் குடிசை தோறும் குடியேறினர். ஆலயப் பிரவேசம் மறுக்கப்பட்டோர் வீட்டுச் சுவரிலும் தெய்வம் வந்து அமர்ந்ததற்கு அந்த அச்சுக்கூடம் ஒரு காரணம். அதற்காக நாம் அவருக்கு நன்றி பாராட்டக் கடமைப்பட்டுள்ளோம்.

ஆனால் அவர் படத்தில் வரும் பெண்ணை உற்று நோக்குங்கள். அவள் அழகி, நகை பூண்டவள், கடிதத்துக்காகவோ கணவனுக்காகவோ காத்திருப்பவள். இன்ன பிரதேசத்தாள், இன்ன வகுப்பினள் என்று அவளைச் சொல்லலாம். இன்னாள் என்று சொல்வது கடினம். பிற்காலத்தில் நாள்காட்டிகளிலும் விளம்பரங்களிலும் வந்த பெண்களெல்லாம் இவளுடைய பேத்திகளே. நமது கல்யாண போட்டோவின் அச்சும் இங்கேதான் வார்க்கப்பட்டது என்று சொன்னால் மிகையாகாது.

ரவிவர்மாவின் சகோதரி மங்களாபாயும் சித்திரம் எழுத வல்லவள். தமையனின் உருவத்தையே அவள் தீட்டியிருக்கிறாள். தமையன் அரசவைதோறும் சென்று புகழ் ஈட்டினார். தங்கை வீட்டு எல்லைக்குள் தீட்டினாள். ரவிவர்மாவின் பெயரை அறியாத வீடு இல்லை. மங்களாபாயின் பெயரை அறிந்த வீடுகள் எத்தனை? ஒரே இரத்தம், ஒரே கைவண்ணம். இருவருக்கும் கிடைத்த இடத்தில்தான் பேதம்.

ஷெர்கில் கண்ட முகங்கள்

அம்ரிதா ஷெர்கில் 1913ஆம் வருஷம் ஜனவரி 30ஆம் தேதி ஹங்கேரி தேசத்துப் புடாபெஸ்ட் நகரில் பிறந்தாள். தந்தை உம்ராவ் சிங், பஞ்சாபில் மஜீதியா என்னும் சீக்கியப் பிரபு வமிசத்தைச் சேர்ந்தவர், ஸம்ஸ்கிருத பண்டிதர். தாய் ஹங்கேரிய மாது. தங்கை இந்திரா பின்னாளில் மணந்துகொண்டவர், 1958 முதல் 1967 வரையில் இந்தியாவின் தலைமைத் தேர்தல் கமிஷனராயிருந்த கே. வி. கே. சுந்தரம்.

பதினாறு வயதில் அம்ரிதா பாரிஸ் நகரம் சென்று சித்திரக் கலாசாலையில் பயின்றாள். 1932இல் தங்கை இந்திராவையும் ஒரு பிரெஞ்சுத் தோழியையும் எதிரெதிரே அமர்த்தி, ‘இளம் பெண்கள்’ என்னும் படத்தைத் தீட்டினாள். அதன் பயனாக மறு வருஷமே பாரிஸ் மகா சித்திரசாலையின் துணை அங்கத்தினர் ஆனாள். அத்தனை இளம் வயதில் அப்பதவியை வேறெவரும் பெற்றதில்லை. அதே காலத்தில் அவள் தன் உருவத்தையே திரும்பத் திரும்பத் தீட்டினாள். ஒன்றில் சிரிக்கிறாள், ஒன்றில் சிந்திக்கிறாள், 1934இல் எழுதிய ஒன்றில் தாஹித்தித் தீவின் பெண்ணாகத் தன்னைப் பாவித்துக்கொள்கிறாள். பாதி ஐரோப்பியளாகவும் பாதி இந்தியளாகவும் பிறந்த ஒருத்தி, தான் யார் என்று கண்ணாடியையும் கித்தானையும் மாறி மாறிக் கேட்ட கேள்வி அது. இதை அகம்பாவம் என்று சிலர் கருதக்கூடும். தன் முகத்தைத் தானே ஆராய்ந்தவளுக்குத்தான் பிறர் முகத்தை ஆராயும் தகுதி வருகிறது என்பது நமது அபிப்பிராயம்.

பாரிஸில் புகழ் வாயில் திறந்திருந்தும், 1934இன் இறுதியில் அவள் தாய்நாடு திரும்பினாள். மறு ஆண்டில் ‘மூன்று பெண்கள்’ என்ற படம் பிறந்தது. அதை அச்சுப் பிரதியிலாவது காணாதவர் காண வேண்டும். பளிச்சென்ற உடையில் மூன்று இளம் பெண்கள் நெருங்கி இருக்கிறார்கள். ஒருத்தியும் நம்மைப் பார்க்கவில்லை. ஒருத்தியை ஒருத்தியும் பார்க்கவில்லை. பார்வை கீழ்நோக்கி இருக்கிறது. அது நாணம் அன்று, யோசனை. பின்புறத்தில் வீடும் இல்லை, தோட்டமும் இல்லை. வெறும் சுவர் போன்ற வர்ணம். கடிதமோ கண்ணாடியோ வீணையோ அவர்கள் கையில் இல்லை. நம்மை மகிழ்விப்பதற்காக அவர்கள் அங்கே உட்கார்ந்திருக்கவில்லை. தங்களுக்கு யாரோ எங்கேயோ ஏதோ நிச்சயம் செய்துகொண்டிருக்கிறார்கள் என்பது மட்டும் தெரிந்து, அது என்னவென்று தெரியாமல் காத்திருக்கிறார்கள்.

பெண்ணின் விவாக வயதைப் பதினான்காக உயர்த்திய சாரதா சட்டம் 1929இல் நிறைவேறி, 1930 ஏப்ரலில் அமலுக்கு வந்தது. அப்போது சட்டசபைகளிலும் சபா மண்டபங்களிலும் நடந்த வாதப் பிரதிவாதங்களைச் சரித்திரம் படித்தோர் அறிவர். ஆசாரம் அழியும் என்றனர் ஒரு சாரார்; தேசம் உய்யும் என்றனர் மற்றொரு சாரார். பேசியவர்களில் பெரும்பாலார் ஆடவர். அச்சட்டம் யாருக்காக ஏற்பட்டதோ அந்தப் பெண் என்ன நினைக்கிறாள் என்று விசாரிக்க எந்தக் கமிட்டியும் அவள் முகத்துக்கு எதிரே நெடுநேரம் உட்கார்ந்திருக்கவில்லை. ஐந்து வருஷங்களுக்குப் பின் ஒரு சித்திரக்காரி உட்கார்ந்தாள். ‘மூன்று பெண்கள்’ பம்பாய்க் கலைச் சங்கத்தின் தங்கப் பதக்கத்தை 1937இல் பெற்றது.

அதற்கு முன் அவள் தென்னாடு வந்தாள். அஜந்தாவின் சுவர்ச் சித்திரங்களையும் எல்லோராவையும் கண்டாள், கொச்சியில் மட்டாஞ்சேரி அரண்மனைச் சுவர்களைக் கண்டு வியந்தாள், கன்னியாகுமரியில் தங்கினாள். மேனாட்டில் கற்ற கை, நமது முன்னோரின் கையைச் சந்தித்தது. அதன் விளைவாக 1937இல் ‘மணமகள் அலங்காரம்’, ‘பிரம்மசாரிகள்’, ‘சந்தைக்குச் செல்லும் தென்னிந்தியக் கிராமத்தார்’ என்ற மூன்று பெரும் படங்கள் தோன்றின. மணமகளின் படத்தில் பெண்ணைச் சூழ்ந்து பெண்கள் அலங்காரம் செய்கிறார்கள். அவள் கைகளில் மருதாணிச் சிவப்பு. கல்யாண வீட்டின் ஆரவாரம் எள்ளளவும் இல்லை. ஊரார் மங்களம் என்று கொண்டாடும் அந்நேரத்தில் மணப்பெண்ணின் உள்ளத்தில் என்ன நிகழ்கிறது என்பதொன்றே படம்.

இவள் படங்களில் சோகம் மிகுதி என்று அக்காலத்திலேயே குறை சொன்னார்கள். செல்வக் குடியில் பிறந்து சிம்லாவில் வாழ்ந்தவளுக்கு ஏழையின் துயரம் எப்படித் தெரியும் என்றும் கேட்டார்கள். இரண்டாவது கேள்வியில் நியாயம் இல்லாமல் இல்லை. அவளுக்கு வயிற்றுப் பாட்டின் கவலை இருந்தது வேறு விதம். கூலிப் பெண்ணுக்கு இருந்தது வேறு விதம். ஆனால் செல்வமும் கல்வியும் ஐரோப்பிய வாசமும் அவளுக்குப் பூரண சுதந்திரத்தை அளித்துவிட்டன என்று எண்ணுவது தவறு. 1938இல் அவள் விவாகத்துக்காக ஹங்கேரி சென்றிருந்த சமயத்தில், அவளுக்கு வந்த கடிதங்களைப் பெற்றோர் தீக்கிரையாக்கினர். ஜவாஹர்லால் நேரு எழுதிய கடிதங்களும் அவற்றில் அடக்கம். உலகம் அறிந்த சித்திரக்காரி, இருபத்தைந்து வயது நிரம்பியவள், அவளுடைய பெட்டியிலிருந்த காகிதமே அவளுக்குச் சொந்தமாயிருக்கவில்லை என்றால், ‘மூன்று பெண்கள்’ கீழ்நோக்கிப் பார்ப்பது ஏன் என்று அவள் அறிந்திருந்ததில் வியப்பு என்ன?

1941 டிஸம்பர் 5ஆம் தேதி லாகூரில், இருபத்தெட்டாவது வயதில் அவள் காலமானாள். அவள் படைப்புக்கள் தேசத்தின் கலைச் செல்வங்களாக அறிவிக்கப்பட்டன. பெரும்பாலானவை டில்லியில் நவீனக் கலைக்கூடத்தில் உள்ளன. 1937இல் எழுதிய ‘கதை சொல்பவர்’ என்ற படம் 2023 செப்டம்பரில் ஏலத்தில் 61 கோடியே 80 லக்ஷம் ரூபாய்க்குப் போயிற்று. அதற்கு முன் எந்த இந்தியச் சித்திரமும் ஏலத்தில் அவ்வளவு விலை பெற்றதில்லை. படத்துக்குக் கோடி கொடுக்கிறோம். படத்திலிருக்கும் பெண்ணுக்குக் காது கொடுக்கிறோமா?

தமிழ் நாட்டின் பங்கு

இது வடநாட்டு விஷயம், பிரபுக்களின் விஷயம் என்று தமிழ் வாசகர் ஒதுக்கிவிடுதல் கூடாது. சென்னையில் 1850இல் தோன்றிய சித்திரப் பள்ளி, தேசத்தின் பழம்பெரும் கலாசாலைகளில் ஒன்று. கே. சி. எஸ். பணிக்கர் அதன் தலைவராயிருந்த நாளில், பொன்னானிப் பக்கத்துக் கிராமத்திலிருந்து டி. கே. பத்மினி என்ற பெண் வந்து பயின்றாள். கிராமத்துப் பெண்களின் தனிமையையும் கனவையும் அடர்ந்த கோடுகளில் எழுதினாள். சில ஆண்டுகளில் இரு நூறுக்கு மேற்பட்ட சித்திரங்களைச் செய்தாள். 1969இல் பிரசவத்தில், முப்பது வயதை எட்டாமலே மாண்டாள். ஷெர்கிலுக்குப் பாரிஸ் இருந்தது. பத்மினிக்குச் சென்னை மட்டுமே இருந்தது. எனினும் இருவர் கேட்ட கேள்வி ஒன்றே.

நம் காலத்தில் கும்பகோணத்துப் பக்கம் பிறந்த ஓவியர் இளையராஜா, தமிழ்க் கிராமத்துப் பெண்ணையே தம் வாழ்நாள் விஷயமாகக் கொண்டார். அடுக்களைப் புகையினூடே விழும் வெயில், திண்ணை, வாசற்படி, கறுத்த மேனியின்மேல் படரும் ஒளி ஆகியவற்றை, போட்டோவோ என்று மயங்கும்படி அவர் தீட்டினார். வெளுப்பே அழகு என்று ஸினிமாவும் விளம்பரமும் பறையடிக்கும் நாட்டில், கறுப்பு முகத்தை வெளுக்காமல் அதன் அழகோடு காட்டியது பெரிய தொண்டு. கொரோனா நோய் 2021 ஜூனில் அவரைக் கொண்டுபோயிற்று. அவர் படங்களைத் தமிழர் வீடுதோறும் மாட்டிக் கொண்டாடியது நியாயமே. ஆயினும் ஒன்று சொல்ல வேண்டும். அந்தப் பெண் அடுக்களையில் அழகாயிருக்கிறாள் என்று மகிழ்வதோடு நம்மவர் பெரும்பாலும் நின்றுவிடுகிறார்கள். அங்கிருந்து அவள் எங்கே போக விரும்புகிறாள் என்று கேட்பதில்லை. குறை ஓவியரிடத்தில் இல்லை, பார்ப்பவரிடத்தில் இருக்கிறது. அவளுடைய பதிலை அவளே தீட்டும் காலம் வந்தாலன்றி நமக்கு அது தெரியவும் போவதில்லை.

ஊரின் கடன்

இவையெல்லாம் கலை ரஸிகர்களின் பேச்சு, தேசத்தின் பிரச்னை அன்று என்று சொல்வோர் விருத்தாசலத்தைச் சற்றே திரும்பிப் பார்க்க வேண்டும். 2003ஆம் வருஷம் இவ்வூரை அடுத்த கிராமப் புறத்தில், சாதி கடந்து தன் கணவனைத் தானே தேர்ந்துகொண்ட ஓர் இளம் பெண்ணும் அந்த இளைஞனும் உறவினராலேயே நஞ்சூட்டிக் கொல்லப்பட்டனர். கடலூர் நீதிமன்றம் 2021இல் பதின்மூன்று பேரைக் குற்றவாளிகள் என்று தீர்மானித்தது. அவர்களுள் போலீஸாரும் இருந்தனர். சென்னை உயர்நீதிமன்றம் 2022இல் மரண தண்டனையை ஆயுள் தண்டனையாகக் குறைத்து, தீர்ப்பில் சில மாறுதல்கள் செய்தது. 2025இல் உச்ச நீதிமன்றம் தண்டனையை உறுதி செய்தது. நீதி வந்து சேர இருபத்திரண்டு வருஷங்கள் ஆயின. வக்கீல் தொழில் செய்வோர் தாமதத்தைப் பற்றி எவ்வளவோ பேசலாம். நாம் இங்கே கேட்பது அதனினும் முந்திய கேள்வி. பெற்ற மகளை, உடன்பிறந்தவளைக் கொல்லக் கை எழுவதற்கு முன் என்ன நிகழ்ந்திருக்க வேண்டும்? அவள் ஒரு தனிப் பிறவி என்னும் நினைப்பு அவர்கள் உள்ளத்தில் செத்திருக்க வேண்டும். சாதியின் மானம், குடும்பத்தின் கௌரவம் என்ற அச்சில் வார்த்த பொம்மையாகவே அவளைக் கண்டிருக்க வேண்டும். அச்சுக்கு அடங்காத பொம்மையைக் குயவன் உடைப்பது போல உடைத்தார்கள்.

சித்திரம் எழுதினால் கொலை நின்றுவிடும் என்று நாம் சொல்லவில்லை. கொலைக்குச் சட்டமும் தண்டனையும் உண்டு. ஆனால் சட்டம் எட்டும் இடம் ஒன்று. மனம் இருக்கும் இடம் ஒன்று. விவாக வயது 1978இல் பதினெட்டாக உயர்ந்தது. 2006இல் பால்ய விவாகத் தடைச் சட்டம் இன்னும் கடுமையாயிற்று. சட்டப் புத்தகத்தில் பெண்ணுக்கு வயது வந்துவிட்டது. வீட்டில் அவளுக்கு வயது வருவது எப்போது? முகத்துக்கு முகம் பார்க்கப் பழகாத சமூகம், வாய்ச் சொல்லையும் கேட்கப் பழகாது.

கைப்பேசியின் வரவுக்குப் பின் இக்கஷ்டம் புதிய உருவம் எடுத்திருக்கிறது. துஷ்டர்கள் பெண்களின் படங்களைத் திருடித் திரித்து மானபங்கம் செய்கிறார்கள். அதைக் கண்டு அஞ்சிய பெற்றோர், படமே எடுக்காதே, முகமே காட்டாதே என்கிறார்கள். அச்சம் நியாயமானது, பரிகாரம் அநியாயமானது. கள்வன் வெளியே திரிய, பொருளுக்குடையவளைச் சிறை வைப்பது எந்த நீதி சாஸ்திரத்தில் இருக்கிறது? அவள் விரும்பாத போது கல்யாணத் தரகரிடம் போகும் படம் குற்றமில்லை, அவளே விரும்பி எடுத்துக்கொண்ட படம் குற்றம் என்பது என்ன நியாயம்?

இதெல்லாம் மேனாட்டுச் சரக்கு, நமது மரபுக்கு ஒவ்வாது என்பாருக்குப் பாகவதமே பதில் சொல்கிறது. பாணாசுரன் மகள் உஷை கனவில் ஒருவனைக் கண்டு காதலித்தாள். அவன் யாரென்று அறியாது வாடினாள். தோழி சித்திரலேகை தூரிகை எடுத்தாள். தேவர் முதல் மானிடர் வரை ஒவ்வொருவர் உருவாகத் தீட்டிக் காட்டினாள். அநிருத்தன் படம் வந்ததும் உஷை நாணித் தலை குனிந்தாள், இவனே என்றாள். நமது புராணத்தில் பேர்போன உருவப்படக் கலைஞர் ஒரு பெண். அவள் தன் கலையைச் செலவிட்டது, தோழியின் விருப்பம் இன்னதென்று தோழியே கண்டுகொள்வதற்காக! இதைவிட உயர்ந்த காரியம் தூரிகைக்கு உண்டோ? விருத்தாசலத்துக் கோயிலைக் கருங்கல்லில் எடுப்பித்தவளும் செம்பியன் மாதேவி என்னும் சோழர் குலத்து மாதரசியே. பத்தாம் நூற்றாண்டில் கல்லில் தன் எண்ணத்தை நிறுத்த ஒரு பெண்ணுக்கு நம் மரபு இடம் கொடுத்தது. இப்போது காகிதத்தில் நிறுத்த இடம் கொடாதிருப்பது மரபாகாது.

செய்ய வேண்டியது யாது? நமது யோசனைகள் மூன்று. முதலாவது, பெண்கள் பள்ளிக்கூடங்களில் சித்திரப் பாடம். 2012இல் தமிழ் நாட்டு அரசாங்கப் பள்ளிகளுக்குச் சித்திரம், உடற்பயிற்சி, தையல் முதலியவற்றைக் கற்பிக்கப் பதினாறாயிரத்துக்கு மேற்பட்ட பகுதிநேர ஆசிரியர்கள் நியமிக்கப்பட்டனர். வாரத்தில் மூன்று அரை நாட்களே அவர்களுக்கு வேலை. கணக்குக்கு முழு நாள், கண்ணுக்கு அரை நாள் என்னும் ஏற்பாடு அது. பொம்மையையும் பூவையும் பார்த்து எழுதுவதோடு நில்லாமல், பக்கத்தில் இருக்கும் தோழியின் முகத்தையும் கண்ணாடியில் தன் முகத்தையும் பார்த்து எழுத மாணவியர் பயில வேண்டும். தோழியின் முகத்தை ஒரு மணி நேரம் உற்றுப் பார்த்து எழுதியவள் அவளுடைய சாதியை நினைப்பது அரிது.

இரண்டாவது, விருத்தாசலத்தார் செய்யத் தக்கது. களிமண்ணும் சூளையும் கைத்திறனும் அங்கே இருக்கின்றன. அச்சில் வார்ப்பதோடு நில்லாமல், உருவம் வனையும் கலையை உள்ளூர்ப் பெண்களுக்குக் கற்பிக்கத் தொழிற்பேட்டைக்காரர்களும் நகரசபையாரும் முன்வரலாம். பிறர் வார்த்த முகத்துக்கு வர்ணம் தீட்டும் பெண், தானே ஒரு முகத்தை வனையட்டும். அது அவளுக்கு ஜீவனமும் ஆகும், மரியாதையும் ஆகும்.

மூன்றாவது யோசனை நம் வாசகர்களுக்கே உரியது. பணச் செலவு இல்லாதது. பொதுமேடையில் பெண்ணுரிமை பேசி, வீரத் தாய்மாரின் படங்களுக்கு மாலை சூட்டி வீடு திரும்பும் தொண்டர்கள் நம்மில் அநேகர். வீட்டில் ஒரு மகளோ தங்கையோ இருப்பாள். அவளை உட்கார வைத்து உபதேசம் செய்ய வேண்டாம். அவள் எதிரே உட்கார்ந்து, உனக்கு என்ன வேண்டும் என்று ஒரு முறை கேட்டு, அவள் பதில் சொல்லி முடிக்கும்வரையில் வாய் திறவாமல் இருங்கள். ஷெர்கில் தன் படத்துப் பெண்களுக்கு அளித்த மரியாதை அவ்வளவே. அதைக் கொடுக்கத் தூரிகை பிடிக்கத் தெரிய வேண்டிய அவசியம் இல்லை.